மாற்றமில்லை

மீளாய்வுக்கு விண்ணப்பித்து
நாலரை மாதம் கழித்து வந்த பதிலில்
ஒரே ஒரு சொல்: மாற்றமில்லை.
அந்தச் சொல்லோடுதான் வந்தார்கள்,
யாழ்ப்பாணம் நீதிமன்றத்துக்கு எதிர்ப்பக்கம்
போட்டோக்கொப்பி மெசினுக்கும் சுவருக்கும் நடுவில்
நான் தட்டச்சு அடிக்கும் ஒற்றை மேசைக்கு.

கொண்டாவில் ஓட்டோக்காரர் சிவலோகநாதன்,
மகள் திலக்சிகா,
சட்டத்தரணியின் கோழிக்கிறுக்கலில் ஒன்பது பக்கம்.

நான் அடிக்க அடிக்கப்
பிள்ளை மனுதாரர் ஆனாள்.
முகம் தெரியாத அதிகாரி ஒருவர்
முதலாம் எதிர்மனுதாரர் ஆனார்.
இரசாயனவியலுக்கு வந்த சி
பி நாலு எனக் குறியிட்ட இணைப்பானது.

வெட்டுப்புள்ளிக்கு எவ்வளவு குறைவு என்று கேட்டேன்.
"தசம் சைபர் சைபர் ரெண்டு ஒண்டு.
என்ரை மீற்றர்கூட
இவ்வளவு நுணுக்கமாய் ஓடாது தங்கச்சி."

பதினோராம் பந்தி:
மனுதாரர் ஈடுசெய்ய முடியாத
மன உளைச்சலுக்கு ஆளாகியுள்ளார்.
அதுவரை மின்விசிறியையே பார்த்திருந்தவள்
"அதை வெட்டுங்கோ அக்கா" என்றாள்.
"உளைச்சல் எண்டு போட்டால் பாவம் பாப்பினம்.
நான் மூண்டு மேலதிகத் தாள் வாங்கினனான்.
மூண்டையும் நூலாலை கட்டினனான், ரெண்டு முடிச்சு.
மூண்டும் இருக்கோ எண்டு
எண்ணிப் பாக்கச் சொல்லுங்கோ. காணும்."

முடிச்சையெல்லாம் மனுவில் எழுதுவதோ என்று
சட்டத்தரணி தொலைபேசியில் சிரித்தார்.
உளைச்சல் நின்றது. முடிச்சுப் போனது.

அன்று பின்னேரம் மின்சாரம் நின்று வந்தபின்
ஏழு பிரதிகளையும் அடுக்கி
மூலையில் துளையிட்டு
நூல் கோத்தேன்.
கை தன்பாட்டில் இரண்டாவது முடிச்சையும் போட்டது.
எனக்கும் ஒருகாலத்தில் ஒரு எஸ் வந்தது;
எண்ணிப் பார்க்கச் சொல்லலாம் என்று
அப்போது யாரும் சொல்லவில்லை.

முதல் தவணையில் எதிர்த்தரப்பு அவகாசம் கேட்டது.
இரண்டாவதில் நீதியரசர் விடுமுறை.
மூன்றாவது,
அவள் மறுபடி எழுதும் சோதனையில்
இரசாயனவியல் நாளிலேயே விழுந்தது.
தகப்பன் ஓட்டோவை மைத்துனரிடம் விட்டுவிட்டு
இரவு பஸ்ஸில் தனியே கொழும்புக்குப் போனார்,
சொப்பிங் பைக்குள் கோப்பும்
அவித்த பனங்கிழங்கும்.

மத்தியானம் அழைத்தார்.
"பிள்ளையை அங்கை சுட்டெண் சொல்லிக் கூப்பிட்டிருப்பினம்.
இங்கை வழக்கிலக்கம்.
பேரை ஒருத்தரும் சொல்லேல்லை.
தவணை தை மாசத்துக்குப் போட்டிருக்கு."

வைக்கப்போகிறார் என்று நினைத்தேன்.

"ஒண்டு தங்கச்சி,
அரச தரப்புக்குக் குடுத்த கட்டை
அவிழ்க்கேலாமல் நிண்டவை.
கோட்டு முழுக்கக்
கத்தரிக்கோல் தேடினவை."