பதின்மூன்றாம் மாதம்

சொஹார் தொழிலாளர் நீதிமன்றத்தில்
எனக்குச் சொல்லிவைத்த முதல் விதி:
அவர் 'நான்' என்றால் நீயும் 'நான்' என்றே சொல்.
'அவர் சொல்கிறார்' என்று ஒட்டுப்போடாதே.
அன்றிலிருந்து ஒரு நாளைக்குப்
பத்துப் பன்னிரண்டு பேருடைய நான்
என் வாயில் ஏறி இறங்குகிறது.
லாரி ஓட்டுகிறவரின் நான். கம்பெனி மேலாளரின் நான்.
சாயங்காலம் வீட்டுக்குப் போன் செய்து
'நான்தான்' என்கையில்
ஒரு நொடி தயங்குவேன்.

நீதிபதி முஹன்னா பின் கல்ஃபான்
பேச்சில் சிக்கனக்காரர்.
அவரைப் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம்
தேநீர் கொண்டுவரும் ஜஷீம் துண்டு துண்டாகச் சொன்னது.
தகப்பனார் எலுமிச்சையைக் கறுக்கக் காயவைத்து
பஸ்ராவுக்குத் தோணி ஏற்றியவர்.
மகன் சட்டம் படித்தது கெய்ரோவில்.
வலை அறுந்த வழக்குக்கெல்லாம்
காசு வாங்காமல் வாதாடப்போய்
கடற்கரைக்காரர்கள் ஓட்டுப்போட்டுச் சபைக்கு அனுப்பினார்கள்.
நாலு வருஷம்.
மீன் ஏலக்கூடத்துக்குக் கூரை வந்தது.
வருகிறேன் என்ற சாலை மட்டும்
வேறு யாருடைய தோட்டத்தையோ சுற்றிக்கொண்டு போனது.
அடுத்த தேர்தலில் நாற்பத்தொரு ஓட்டில் தோல்வி.
அதன்பிறகுதான் இந்த நாற்காலி.
பஞ்சர் கடை ஷட்டரில் பழைய சுவரொட்டி ஒன்று
இன்னும் ஒட்டியிருக்கிறது,
ஒரு கன்னமும் பாதிச் சிரிப்புமாக.
மீதிச் சிரிப்பை
நான் இங்கே பார்த்ததில்லை.

மூன்றாம் எண் அறை. செவ்வாய்க்கிழமை.
அரியமுத்து, வேப்பந்தட்டைப் பக்கம்,
சாரம் கட்டுகிறவர்.
பதினொரு வருஷத்துப் பணிக்கொடையைக்
கேட்டு வந்தது பதின்மூன்றாம் மாதம்.
சட்டம் சொல்வது பன்னிரண்டு.
இடுப்பெலும்பு முறிந்து ஆஸ்பத்திரியில் ஆறு;
பிறகு 'நாளைக்கு வா, நாளைக்கு வா' என்ற மேலாளரை நம்பி
கேம்ப் கட்டிலில் ஏழு.
"கணக்கு சரிதாங்க" என்றார் அவரே, விரல் மடக்கி.
கம்பெனி வக்கீல் எழுந்து
பிரிவின் எண்ணைச் சொல்லி உட்கார்ந்தார்.
அதற்குமேல் அவருக்கு வேலை இல்லை.

நீதிபதி கோப்பை மூடினார். திறந்தார்.
எதையோ தேடுகிறார் என்று நினைத்தேன்:
ஒரு தேதி, ஒரு முத்திரை,
மேலாளர் கிறுக்கிக் கொடுத்த ஏதாவது சீட்டு.
ஒன்று இருந்தால் போதும்,
பதின்மூன்று பன்னிரண்டாகிவிடும்.
கடைசிப் பக்கத்துக்கு இரண்டு முறை போய்வந்தார்.

தள்ளுபடி.

ஆடி மாதத்தில் ஜவுளிக்கடை வாசலில்
பெரிதாக எழுதிவைக்கும் சொல்.
அதைச் சொல்ல நாக்கு வராமல்
"கேஸ் நிக்காதாம்" என்றேன்.
'ஆம்' போட்டது தப்பு. விதிப்படி தப்பு.

பிறகு அவர் எழுத்தரிடம் திரும்பி
இதையும் பதிவு செய் என்றார்:
"சபைக்கு வந்த வரைவில் இரண்டு ஆண்டு என்றிருந்தது.
ஒன்றாகக் குறைக்க ஓட்டெடுப்பு நடந்தது
நோன்பு மாதத்தில், பொழுது இறங்குகிற நேரம்.
எல்லோருக்கும் வீடு போகிற அவசரம்.
நான் கை தூக்கினேன்."

எழுத்தரின் விரல்கள் நின்றன.
வக்கீல் முதன்முறையாகத் தலை நிமிர்ந்தார்.
நீதிபதி என்னைப் பார்த்து,
தர்ஜுமான், ஏன் நிற்கிறாய்?

ஊன்றுகோலை மடியில் கிடத்தி
என் வாயையே பார்த்துக்கொண்டிருந்தார் அரியமுத்து.

"நான் கை தூக்கினேன்" என்றேன்.

அவர் பார்வை இறங்கி
மேசைமேல் கிடந்த என் வலது கைக்குப் போனது.
அதை எங்கே வைப்பதென்று
எனக்குத் தெரியவில்லை.

"மேல்முறையீட்டுக்கு முப்பது நாள்.
அவர் எண்ணிக்கொள்ளட்டும்."
அதையும் சொன்னேன்.
இன்னையிலேர்ந்தா, நாளையிலேர்ந்தா
என்று கேட்டபடியே
சுண்டுவிரலை மடக்கிவிட்டார்.