பதினெட்டு சென்டிமீட்டர்

தரைக்கும் காருக்கும் நடுவே
பதினெட்டு சென்டிமீட்டர் என்றார் ஸ்தேலியோ,
ஏதோ தன் தோட்டத்தில் விளைந்தது போல.
கூரை கருப்பு. உடம்பு பவளச் சிவப்பு.

டாரியோ உட்கார்ந்தான்.
குனியவில்லை. முனகவில்லை.
நாற்காலியில் அமர்வதுபோல் அமர்ந்து
கால்களை உள்ளே திருப்பிக்கொண்டான், அவ்வளவுதான்.
செயற்கை இடுப்பு பொருத்திய இந்தப் பதினோரு மாதத்தில்
கெட்ட வார்த்தை சொல்லாமல் அவன் ஒரு காரில் ஏறியது
இதுவே முதல் தடவை.
மளிகை ரசீதின் முதுகில் கோடு கிழித்து
இடது பக்கம் எழுதினேன்: இடுப்பு.

வலது பக்கம் விலை.
அதை மாதத் தவணையாக உடைத்து எழுதினேன்.
உடைத்த துண்டும் பெரிதாகத்தான் இருந்தது.

முன்சக்கரம் மட்டும்தான் இழுக்குமாம்.
காட்டு வண்டியின் முகம், கடைத்தெருவின் கால்.
கதவடியில் ஓடும் அந்தத் தடித்த கருப்புப் பட்டை
பாறைக்கு அல்ல, பக்கத்து வண்டிக்காரன் கதவுக்கு.
குறையாகச் சொல்லவில்லை.
நானும் மலையேறும் காலணி போட்டுக்கொண்டுதான்
மீன் வாங்கப் போகிறேன்.

ஸ்கோர்கோலா மேட்டில் காரை நிறுத்துவது
கைக்குழந்தையைத் தொட்டிலில் கிடத்துவது மாதிரி:
மூச்சைப் பிடித்துக்கொண்டு, மெல்ல,
பிறகு சத்தமில்லாமல் விலகி வரவேண்டும்.
பழையது மூன்றரை மீட்டர்.
இது நாலு மீட்டர், மேலே அரைச் சாண்.
நேற்று இரவே நூல்கண்டோடு போய் அளந்துவிட்டேன்,
மருந்துக்கடைக்காரியின் வண்டிக்கும்
குப்பைத்தொட்டிக்கும் நடுவே.
தொட்டி ஓரடி நகர்ந்தால் போதும்.
திரியெஸ்தே நகராட்சியின் தொட்டி
யாருக்காகவும் நகர்ந்ததில்லை.

பிறகு போரா.
ஜனவரியில் அந்தக் காற்று கார்ஸோவிலிருந்து இறங்கினால்
ஸ்கூட்டர்கள் வரிசையாகக் குப்புற விழும்,
தபால்காரர் விளக்குக் கம்பத்தைக் கட்டிக்கொள்வார்.
இவ்வளவு உயரமான காரை அது என்ன செய்யும் என்று கேட்டேன்.
"ஸ்டியரிங்கை இரண்டு கையாலும் பிடியுங்கள், சிஞ்ஞோரா."
இதை எந்தப் பக்கம் எழுத?

பின்சீட்டில் முழங்கால் இடிக்கிறது என்றேன்.
அங்கே யார் உட்காரப்போகிறார்கள் என்றான் டாரியோ.
என் அக்கா மாஃபால்தா.
அப்படியானால் இடிக்கட்டும் என்றான்.
அதை இடது பக்கத்துக்கு மாற்றினேன்.

எல்லாம் முடிந்து டிக்கியைத் திறந்தபோதுதான்
பிர்பாவைக் கூப்பிட்டோம்.
பதிமூன்று வயது. முப்பத்தொரு கிலோ.
பழைய காரென்றால் விளிம்பில் முன்னங்கால்களை வைத்துவிட்டு
மீதியை நான் தூக்கிவிடக் காத்திருப்பாள்.
இங்கே முன்னங்கால் எட்டவில்லை.
விளிம்பை முகர்ந்தாள். உட்கார்ந்தாள்.
என்னைப் பார்க்கவில்லை,
உள்ளே சொகுசாக இருந்த டாரியோவைப் பார்த்தாள்.

சாய்வுப் பலகை இருக்கிறது,
நூற்றுத் தொண்ணூறு யூரோ, மடக்கலாம் என்றார் ஸ்தேலியோ.
மடக்கி எங்கே வைப்பது?
டிக்கியில்.
அப்புறம் நாய்?
அவர் டையைச் சரிசெய்துகொண்டார்.

ரசீதில் இடமில்லை.
கோட்டுக்குக் குறுக்கே, இரண்டு பக்கத்திலும் படும்படி
அவள் பெயரை எழுதினேன்.
நிமிர்ந்து பார்த்தால் அவள் அங்கே இல்லை.
வண்டியைச் சுற்றிப் போய்
திறந்திருந்த முன்கதவு வழியாக
டாரியோவின் செருப்பின் மேல்
முன்னங்கால்களை வைத்திருந்தாள்.
மீதிக்குக் காத்திருந்தாள்.

சட்டப்படி அங்கே கூடாது. தெரியும்.
தூக்கிவிட்டேன்.

புதிய கருப்புக் கம்பளத்தில்
ஆறேழு வெள்ளை மயிர்.
ஸ்தேலியோ அதையே பார்த்துக்கொண்டிருந்தார்.
நாங்கள் இன்னும் வாங்குவதாகச் சொல்லவில்லை.
டாரியோ காலை ஒதுக்கி இடம் விட்டான்.
பிர்பா கண்ணை மூடிக்கொண்டாள்.