குமிழுக்குள் எழுதுகிறவன்

கெர்த்து வரைவாள்.
அவள் ஆட்கள் பேச வேண்டியதை
வெள்ளைக் குமிழுக்குள் நான் எழுதுவேன்.
எங்கள் நடுவே இருந்ததெல்லாம் அவ்வளவுதான்;
ஒரு மேசைவிளக்கு, ஆறிப்போன காப்பி,
ஜன்னல் இடுக்கில் நுழையும்
ஒவுலு நகரத்துக் காகித ஆலையின்
அழுகிய முட்டைக்கோஸ் வாடை.

முதலில் கிடைத்தது நாவல் இல்லை.
விமான இருக்கைப் பையில் செருகி வைக்கும் அட்டை.
விமானம் கடலில் இறங்குகிறது,
ஒரு முகத்திலும் பதற்றம் தெரியக் கூடாது:
ஒப்பந்தத்தின் முதல் விதி அது.
மூன்று வருடம் வரைந்தாள்
தலை கலையாமல் தண்ணீருக்குள் போகிறவர்களை.
"அங்கேதான் கற்றுக்கொண்டேன்" என்பாள் பிற்பாடு
பேட்டிக்கு வருகிறவர்களிடம்.
எதை என்று ஒருவரும் கேட்டதில்லை.

முதல் நாவலுக்கு ஏழு வருடம்.
பகலில் பள்ளிச் சமையற்கூடத்தில் தட்டு கழுவல்,
இரவில் நானூற்றுப் பன்னிரண்டு பக்கம்.
ஒரு மணமுறிவின் கதை. அவளுடையதேதான்;
கணவனின் மூக்கை மட்டும் மாற்றியிருந்தாள்.
இரண்டாயிரத்துச் சொச்சம் குமிழ்கள்.
அவன் கத்துகிறான், அவள் கத்துகிறாள்,
தெருவில் பனி வழிக்கும் வண்டிக்காரன்கூட
ஒரு முழுப் பக்கம் கத்துகிறான்.
என் நடுவிரலில் பட்டாணி அளவு காய்ப்பு.

விற்றது நூற்றெழுபது.
மிச்சத்தை அடுக்கிக் கட்டிலுக்கு முட்டுக் கொடுத்தாள்.
உயரத்தில் தூக்கம் நன்றாக வருகிறதாம்.

இரண்டாவதில் குமிழ்கள் அறுநூறு.
மூன்றாவதில் நாற்பது,
அதிலும் பாதி வெறும் "ம்".
எங்கள் ஊரில் ம்முக்குப் பதினோரு பொருள்,
ஒவ்வொன்றுக்கும் வேறு அழுத்தம் கேட்டு
என் உயிரை வாங்கினாள்.
பதிப்பாளருக்குக் கொள்ளை மகிழ்ச்சி:
பேச்சு குறைந்தால் மொழிபெயர்ப்புச் செலவு மிச்சம்.
அப்படித்தான் அவள் பத்து நாடுகளுக்குப் போனாள்,
நான் பல்பொருள் அங்காடிக்கு
விலைப்பலகை எழுதப் போனேன்.
ஹெர்ரிங் மீன், கிலோ இவ்வளவு.
எழுத்தில் ஒரு குறையும் வைக்கவில்லை.

ஹெல்சிங்கி புத்தகச் சந்தையில்
கையெழுத்துக்கு நின்ற வரிசையில் யால்மரி வந்தான்.
முன்னாள் கணவன். கையில் முதல் நாவல்,
ஓரமெல்லாம் மடிந்து, காப்பிக் கறையோடு.
சண்டைக்கு வந்திருக்கிறான் என்று நினைத்தேன்.
"கத்தல் என்னுடையது, சட்டை என்னுடையது,
கதவை அறைந்த கையும் என்னுடையதுதான்.
மூக்கு மட்டும் யாருடையது?"
உண்மையிலேயே வருத்தப்பட்டிருந்தான்.

அவள் பதில் சொல்லவில்லை.
முதல் தாளைத் திருப்பி
அவனுடைய சொந்த மூக்கை வரைந்துகொடுத்தாள்,
சிறு வயதில் உடைந்து சேர்ந்த வளைவு உட்பட.
பின்னால் முப்பது பேர் காத்திருக்க
இருபது நிமிடம்.
அவன் தன் மூக்கைத் தொட்டுப் பார்த்துவிட்டு
நன்றி சொல்லிப் போனான்.

மற்ற மூக்கு யாருடையது என்று
பக்கத்து நாற்காலியில் இருந்த எனக்குத் தெரியும்.
குனிந்து பேனா மூடியைத் தேடினேன்.

இப்போது ஐந்தாவது.
இருநூறு பக்கமும் ஏரி, மூடுபனி,
கட்டத்துக்கும் கட்டத்துக்கும் இடையே
நடந்துபோகலாம் போல அகலமான வெள்ளை.
ஒரு சொல் இல்லை.
பிறகும் ஏன் எனக்கு அனுப்பினாள் என்று
புரட்டிக்கொண்டே போனேன்.
எண்பத்தெட்டாம் பக்கத்தில் ஒரு குமிழ், காலியாக.
அதன் வால் இறங்கும் இடத்தில்
படகில் உட்கார்ந்திருக்கிறது
அந்த நீள மூக்கு.

தொலைபேசினேன். "என்ன எழுத?"
"கூலி வழக்கம்போலத்தான்" என்றாள்.
"வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகிறது."

இன்று புதன்.
மூன்று முறை நிப்பைக் கழுவிவிட்டேன்.
பத்தொன்பது வருடம்
மற்றவர்கள் வாயில் எழுதிய கை.
குமிழோ சிறியது,
என் கணக்குக்கு
நான்கு எழுத்துத் தாங்கும்.