குலுக்கலுக்கு முந்தைய இரவு

பெரும்பாக்கம் வீட்டுக்கு நாளைக் காலை குலுக்கல்.
ஒரே படிக்கட்டில் மிச்சம் நாலு வீடு:
தரை, ஒண்ணு, ரெண்டு, மூணு.
நாலு குடும்பம்.
அதில் நான் ஒன்று, பல்கீஸ் ஒன்று.

எங்களுக்கு அடுத்தடுத்த மாடி விழுமா?

"விழும், இல்ல விழாது.
பாதிக்குப் பாதி. இதுக்கு எதுக்குடி கணக்கு?"
நூல் பிசிறு வெட்டும் கத்தரி அவள் மடியில்.

அப்படிப் பார்த்தால்
நாளைக்குக் கூவம் நாறும், இல்லை நாறாது,
அதுவும் பாதிக்குப் பாதியா?

பார்க்கிங் டோக்கனின் பின்பக்கத்தில்
கட்டம் போடுகிறேன்.
அவளுக்குத் தரை என்றால் எனக்கு மூன்று வழி.
அவளுக்கு ஒண்ணு என்றாலும் எனக்கு மூன்று.
இப்படியே மேலே ஏறினால்
நாலு மூணு பன்னிரண்டு.
ஒன்றையும் விடக் கூடாது,
ஒன்றையே இரண்டு தரம் எண்ணவும் கூடாது,
பாண்டி பஜாரில் நான் வண்டி எண்ணுகிற மாதிரி.

அடுத்தடுத்து வருவதற்கு மட்டும் சுழி:
தரை ஒண்ணு, ஒண்ணு தரை,
ஒண்ணு ரெண்டு, ரெண்டு ஒண்ணு,
ரெண்டு மூணு, மூணு ரெண்டு.

பன்னிரண்டில் ஆறு.
பாதி.

அவள் சிரித்த சிரிப்பில்
கரையோரம் படுத்திருந்த நாய் எழுந்து உட்கார்ந்தது.
விடை சரி, வழி தப்பு என்றேன்.
"விடை சரிதானே" என்றாள்.

போவதற்கு எழுந்தாள்.
முதலில் சுவர், பிறகு வலது கால்,
பிறகு, கம்பி வைத்த இடது கால்.
அவளிடம் சொல்லாமல் கேள்வியை மாற்றினேன்:
அவளுக்குத் தரை, எனக்கு ஒண்ணு.
சுழித்த ஆறில் ஒன்றை மட்டும்
இன்னொரு முறை சுழித்தேன்.
பன்னிரண்டில் ஒன்று.
டோக்கனை மடித்து பர்ஸில் வைத்தேன்.

சமூகக் கூடத்தில் பச்சை பிளாஸ்டிக் குடம்.
பல்கீஸ் கைவிட்டாள். தரை!
என் பன்னிரண்டில் ஒன்று
அந்த நொடியே மூன்றில் ஒன்று ஆனது.
அடுத்து தனபாக்கியம். ரெண்டு.
இரண்டில் ஒன்று.

குடத்துக்குள் என் கை.
இரண்டே சீட்டு, ஒன்றும் மூன்றும்.
விழும், இல்ல விழாது.
பல்கீஸின் கணக்கு
இப்போது வழியும் சரி.

மூணு.

அவள் வாசலிலிருந்து என் வாசலுக்கு
ஐம்பத்து நாலு படி. எண்ணிவிட்டேன்.

கம்பெனி வேன் இரவு பத்துக்கு அவளை இறக்கிவிடும்.
பத்தேகாலுக்கு
சமையலறைக் கழிவுக் குழாயில் கரண்டிச் சத்தம்,
டொக், டொக்.
நானும் தட்டுகிறேன்.
நடுவில் தனபாக்கியம், தூக்கம் போச்சு என்று திட்டுகிறார்.

பர்ஸிலிருந்து டோக்கனை எடுத்துப் பிரித்துப் பார்த்தேன்.
கட்டமெல்லாம் சரி, சுழியெல்லாம் சரி.
குழாயைத்தான் வரையவில்லை.