இருதரப்பும் கேட்டறியப்பட்டது

செவ்வாய்க்கிழமை விசாரணை.
திங்கள் மாலையே தட்டச்சு செய்துவிட்டேன்:
'இருதரப்பும் கேட்டறியப்பட்டது.
உறுப்பினர் நீக்கம் உறுதி செய்யப்படுகிறது.'
கட்ஹிங்லஜ் துணைப் பதிவாளர் அலுவலகத்தில்
பதினோரு வருஷமாக
இந்த வரியை விரல்களே பார்த்துக்கொள்ளும்.
நான் ஜன்னலுக்கு வெளியே
கரும்பு வண்டிகளை எண்ணிக்கொண்டிருப்பேன்.

காலையில் வந்தாள் ஹௌசாபாய் கோத்.
கையில் ஒரு பாட்டில் பால்.
'எருமைப் பால் சாஹேப், விடியக் கறந்தது.
கருவியில் வைத்துப் பாருங்கள்.'

கருவி இங்கே இல்லை, சங்கத்தில் இருக்கிறது.
சங்கத்தின் சாவி தலைவரிடம்.
தண்ணீர் கலந்தாள் என்று புகார் எழுதியவர் தலைவர்.
மாதிரியைச் சோதித்தவரும் அவரே.
நீக்கத் தீர்மானத்தை முன்மொழிந்தது
அவருடைய மைத்துனர்.
இப்போது அவர், ஆப்பாசாஹேப் சூர்யவம்சி,
மேசைக்கு அந்தப் பக்கம்
பதிவாளருக்குப் பக்கத்து நாற்காலியில்
பேடாப் பெட்டியைப் பிரித்துக்கொண்டிருந்தார்.

அவளுக்கும் நாற்காலி இருந்தது.
அதன்மேல் கோப்புகள் இருந்தன.

'நோட்டீஸ் கிடைத்ததா?'
'நேற்று ராத்திரி. என்ன தப்பு என்று அதில் இல்லை.'
'உனக்குத் தெரியாதா என்ன?'
'தெரியும். பொதுக்குழுவில் போனஸ் கணக்குக் கேட்டேன்.
மறுநாளிலிருந்து
என் எருமைக்குக் கொழுப்புக் குறைந்துவிட்டது.'

சாஹேப் சிரித்தார்.
தலைவர் சிரித்து முடிக்கும்வரை
சிரித்தார்.

ஏழு நிமிஷம்.
மடித்து வைத்திருந்த காகிதத்தில் கையெழுத்து விழுந்தது.
நான் பார்த்தேன்: மேலே தேதி,
திங்கட்கிழமைத் தேதி.
வெள்ளை மைப் புட்டி இழுப்பறையில்தான் இருந்தது.
இழுப்பறையைத் திறக்கவில்லை.
சாப்பாட்டு வேளை, பசி.
கேட்பவர்களிடம் இன்றும் அப்படித்தான் சொல்கிறேன்.

சான்றிட்ட நகலை வாங்கி
ஒவ்வோர் எழுத்தாக விரல் வைத்துப் படித்தாள்.
விரல் தேதியில் நின்றது.
'நான் இன்றைக்குத்தானே வந்தேன்?'
அதற்கு நான் ஒன்றும் சொல்லவில்லை.
'கோலாப்பூர் பஸ் இரண்டரைக்கு' என்றேன்.
பாட்டிலை என் மேசையில் மறந்துவிட்டுப் போனாள்.
சாயங்காலம் காய்ச்சினோம். ஆடை
விரல் தடிமனுக்குப் படிந்தது.
பியூன் உட்பட எல்லோரும் தேநீர் குடித்தோம்.
யாரும் எதுவும் பேசவில்லை.

எட்டு மாதம் கழித்து மேலிடத்து ஆணை வந்தது:
விசாரணைக்கு முன்பே எழுதிய தீர்ப்பு செல்லாது,
தன் வழக்கில் தானே நீதிபதியாக எவரும் இருக்கலாகாது,
மீண்டும் விசாரிக்கவும்.
யார் விசாரிப்பது?
அது எழுதப்படவில்லை.
ஆகவே கோப்பு, போன வழியே,
அதே மேசைக்கு வந்து சேர்ந்தது.

இந்தத் தடவை நோட்டீஸில்
குற்றச்சாட்டு முழுதாக இருக்கிறது,
பதினைந்து நாள் அவகாசமும்.
யாரும் சொல்லாமலே அடித்தேன்.
நாற்காலி மேலிருந்த கோப்புகளை
அலமாரிக்கு ஏற்றினேன்.
அடியில் தூசி, ஒரு செத்த கரப்பான்,
யாரோ எப்போதோ தொலைத்த ரசீது.

நாளைக்கு விசாரணை.
இன்று திங்கள். மணி ஐந்தே கால்.
உள்ளறையில்
அழைப்பு மணி அடிக்கிறது.