ஏழாவது எழுத்து

விஸ்கான்சின், பிப்ரவரி.
மருத்துவமனையின் நிலவறையில் எனக்கு இரண்டு திரைகள்,
காலடியில் ஒரு ஹீட்டர், நேற்றைய காப்பி.
மேலே மூன்று மாடி நோவு.
இங்கே இறங்கும்போது அது
எழுத்தும் எண்ணுமாக ஆகிவிட வேண்டும்.
ஆக்குபவள் நான்.

நோயாளியின் பெயரைச் சொல்லக் கூடாது.
பசுவின் பெயருக்குத் தடை இல்லை: கிளேரிஸ்.
ஹோல்ஸ்டைன். அறுநூற்றைம்பது கிலோ.
எடையைக் குறித்துவைத்தது இரவு நர்ஸ் ரோண்டா;
ஏன் என்று கேட்காதீர்கள்.

அறுபத்து மூன்று வயது. இடது தோள்பலகை,
நடுப்பகுதி, முறிந்து விலகியிருக்கிறது.
முதுகில் குளம்பளவு நீலம்.
விலா தப்பியது, நுரையீரல் தப்பியது.

அந்த எலும்பை எனக்குப் பிடிக்கும்.
பதினேழு தசைகள் ஏந்திப் பிடிக்க
முதுகில் மிதக்கிற தட்டு.
லேசில் உடையாது.
உடைந்ததென்றால்
வேறென்ன உடைந்தது என்று தேடச் சொல்லும்.

எஸ் 42.112.
ஏழாவது இடத்தில் ஏ:
முதல் வைத்தியம், தோல் கிழியாத முறிவு.

எங்கள் விதிப் புத்தகத்தில் இப்படி இருக்கிறது:
விலகியதா இல்லையா என்று எழுதப்படாவிட்டால்
விலகியதாகவே கொள்.
திறந்ததா மூடியதா என்று எழுதப்படாவிட்டால்
மூடியதாகவே கொள்.
விவாகரத்தான வருஷம்
இதை எத்தனை தடவை படித்தேன் என்பதற்கு
எண் கிடையாது.

அடுத்து, காரணம்.
பசு இடித்தால் டபிள்யூ 55.22.
இடம் மாட்டுக் கொட்டில், அதற்கொன்று.
அந்த நேரம் செய்த காரியம் பால் கறத்தல்,
அதற்கும்கூட ஒன்று உண்டு.
எங்கோ ஒரு மேசையில் உட்கார்ந்து
இதையும் விட்டுவிடக் கூடாதென்று
யாரோ நினைத்திருக்கிறார்கள்.

ஆனால் அவர் சொல்கிறார்: ஏணி.
பரணில் ஏறினேன், விழுந்தேன்.
மனைவி சொல்கிறாள்: பசு.
ரோண்டா அப்படியே எழுதியிருக்கிறாள்:
"பசுன்னு சொன்னா நீயும் பையனும்
அவளை லாரியில ஏத்திடுவீங்க
என்றார் நோயாளி."

ஏணிக்கு ஓர் எண், பசுவுக்கு ஓர் எண்.
காப்பீட்டுக்காரனுக்கு இரண்டும் ஒரே பணம்தான்.
விரல் ஏணி மேல் கொஞ்ச நேரம் நின்றது,
ஒத்துக்கொள்கிறேன்.
பிறகு டாக்டர் பெக்ஸ்ட்ரமுக்குக் கேள்வி அனுப்பினேன்:
காரணத்தைத் தெளிவுபடுத்தவும்.
மறுநாள் பதில்:
"பசுதான். கேட்டேன், சிரித்தார்,
சிரித்ததில் வலித்து ஒத்துக்கொண்டார்.
அந்தக் கொட்டிலில் ஏணியே இல்லையாம்."

கத்தி வேண்டாம் என்று முடிவானது.
கழுத்திலிருந்து ஒரு தூளி, அதில் கை.
படுக்க முடியாது, சாய்வு நாற்காலியில் உறக்கம்.
அப்புறம் குனிந்து நின்று
கையைச் செத்ததுபோல் தொங்கவிட்டு
தரையில் சின்னச் சின்ன வட்டம் வரைய வேண்டும்.

மார்ச்: ஏழாவது எழுத்து டி. ஒழுங்காக ஆறுகிறது.
மறுபடி டி.
ஏப்ரல்: ஜி.
ஆறத் தாமதம்.
கீழே டாக்டரின் கோபம், அரை வரியில்:
சொல்லச் சொல்லக் கேட்காமல் கறக்கப் போயிருக்கிறார்.
முகம் தெரியாத ஒருவர் மேல்
எனக்கும் கோபம் வந்தது.
அன்று சீக்கிரமே வீட்டுக்குப் போனேன்.

ஜூன் சனிக்கிழமை. தீவனக் கடை.
பறவைத் தீனி வாங்கப் போயிருந்தேன்.
அடுத்த வரிசையில் ஒரு பெண் குரல்:
"கிளேரிஸுக்குச் சிவப்பு வேண்டாம், அதுவே பெரிய ராணி."
கழுத்துப் பட்டைகள் உயரக் கொக்கியில் தொங்கின.
தொப்பி போட்ட ஒருவர்
வலக்கையைப் பாக்கெட்டிலேயே வைத்துக்கொண்டு
இடக்கையை உயர்த்தினார்.
மார்பு வரை. காது வரை.
அங்கே நின்றது.

அவரை எனக்குத் தெரியாது.
தெரியக் கூடாது.
மூட்டையின் பின்புறம் அச்சிட்டிருந்ததை,
சூரியகாந்தி இத்தனை சதவீதம், தினை இத்தனை,
ஓர் எழுத்து விடாமல் படித்துக்கொண்டிருந்தேன்,
கொக்கி கிணுக்கென்று
காலியாகும் சத்தம் கேட்கும் வரை.