பதினெட்டாம் எண் பலகை

வரைபடத்தை மடித்தால் மடிப்புக்குள் போய்விடும்.
பதினோரு மைல்.
வடக்கே ஆஸ்குட், நடுவில் டெல்வின், தெற்கே ட்ரொண்ட்.
சர்க்கரை ஆலைக்கென்று போட்ட சாலை.
ஆலை போய்விட்டது, எண் தங்கிவிட்டது:
மாநில நெடுஞ்சாலை 18.
பதினெட்டுப் பட்டிக்கும் நாட்டாமை மாதிரி ஒரு பெயர்,
ஆள்வதோ மூன்று பட்டி.

மொன்டானாவின் இந்த மூலையில்
எதிரே வருகிற வண்டிக்கு
ஸ்டீயரிங்கிலிருந்து ஒரு விரல் தூக்க வேண்டும்.
தூக்காதவன் வெளியூர்க்காரன்,
அல்லது நேற்று மாட்டு ஏலத்தில்
உன்னிடம் தோற்றவன்.

ஆரின் க்வாலேவுக்குச் சாலைத் துறையில்
இது இருபத்தாறாவது வருடம்.
குளிர்காலத்தில் பனி தள்ளுகிறான்.
கோடையில் செத்த முள்ளம்பன்றிகளை
மண்வெட்டியால் அள்ளுகிறான்.
மே மாதக் கடைசியில் ஒரு பலகை மாட்டுகிறான்.

ஏனென்றால் ட்ரொண்ட் பள்ளியில்
படிப்பை முடிக்கிறவர்களுக்கு வயது பதினெட்டு.
விழா முடிந்த இரவு, விடிவதற்குள்,
சந்திப்பில் இருக்கும் பலகை காணாமல் போகும்.
எந்தப் புத்தகத்திலும் இல்லாத கடைசிப் பாடம்.

துறையின் படிவத்தில் காரணத்துக்கு மூன்று கட்டம்:
காற்று, வாகனம், திருட்டு.
படிவம் தலைமையகத்துக்குப் போகும்.
பெயர்கள் அவன் டிபன் பெட்டியில்,
எண்ணெய்க் கறை படிந்த ஒரு நோட்டில்.
2003: ஹாஃப்ஸ்டட் இரட்டையர்.
பலகையை எடுத்துக்கொண்டு ஏணியை விட்டுவிட்டு ஓடினார்கள்.
2009: லீலண்ட் ஷுர். கம்பத்தையும் சேர்த்து.
2011: கோடு மட்டும். யாரென்று தெரியும்.
அந்த அக்டோபரில் பீட் லாரி கவிழ்ந்து
அவனைச் சரிவில் புதைத்தார்கள்.
கல்லுக்குப் பின்னால் சாய்ந்து நிற்கிறது பதினெட்டு.
அரசாங்கச் சொத்து.
ஆரின் அதைச் சுற்றிப் புல் வெட்டிவிட்டு வருவான்.

இந்த வருடம் வகுப்பில் ஒருத்திதான், மாரிட் ப்ரெக்கே.
முதல் மாணவியும் அவளே, கடைசியும் அவளே.
மறுநாள் பள்ளிக்குப் பூட்டு.
திருடுவதற்கு ஒருத்தி போதுமா?
டார்ச் பிடிக்க ஒரு ஆள்,
வாயைப் பொத்திக்கொண்டு சிரிக்க ஒரு ஆள் வேண்டாமா?

திங்கள் போனான். பலகை இருந்தது.
செவ்வாயும் இருந்தது.
புதன், வண்டியை நிறுத்தி இரு பக்கமும் பார்த்தான்.
ஈ காக்கை இல்லை.
ஸ்பானரை எடுத்து இரண்டு போல்ட்டையும்
கையால் திருகினால் வருகிற அளவுக்கு
விட்டுவைத்தான்.

சனிக்கிழமை ஆஸ்குடிலிருந்து போன்:
உங்கள் பலகை கடகடவென்று ஆடுகிறது,
என் குதிரை மிரள்கிறது.
ஞாயிறு புயல்.
திங்கள் கம்பம் மட்டும்.

அந்த ஒரு நிமிடம்
அவன் முகத்தை நீங்கள் பார்த்திருக்க வேண்டும்,
ஏதோ அவனே பாஸானது போல.

பிறகுதான் கண்ணில் பட்டது.
ஓரப் பள்ளத்தில், காட்டுக் கடுகுக்குள்,
குப்புறக் கிடந்தது.
முதுகில் ஒரு வெட்டுக்கிளி.

படிவத்தை பானெட்டில் விரித்தான்.
காற்று என்ற கட்டத்தின் மேல்
பேனா கொஞ்ச நேரம் நின்றது.
திருட்டு என்பதில் குறி போட்டான்.
நோட்டில் அவள் பெயரை எழுதினான்,
ப்ரெக்கேவுக்கு எத்தனை கே என்று யோசித்து.

பலகை சீட்டுக்குப் பின்னால் கிடக்கிறது,
ஒவ்வொரு குழிக்கும் ஒரு சத்தம்.
ஆகஸ்டில் கோதுமை லாரியோடு எதிரே வந்தாள்.
விரல் தூக்கினாள். தூக்கினான்.
நில் என்று சொல்ல
ஸ்டீயரிங்கில் தூக்குகிற விரல் எதுவும் இல்லை.
கண்ணாடியில் புழுதி மட்டும் தெரிந்தது.
பரவாயில்லை,
பதினோரு மைல்தானே சாலை.
லோடை இறக்கிவிட்டு
இந்த வழியாகத்தான் வந்தாக வேண்டும்.